பூட்டு உடையவில்லை, நகை மட்டும் இல்லை: வங்கி லாக்கர் வழக்கு எங்கே நிற்கும், எங்கே விழும்

கேள்வியின் சுருக்கம் இது. கும்பகோணத்தில் ஒரு வங்கிக் கிளையில் அம்மா, மகள் இருவர் பெயரிலும் லாக்கர் இருக்கிறது. கடைசியாகத் திறந்தது ஒன்பது மாதத்துக்கு முன், ஒரு கல்யாணம் முடிந்து நகைகளைத் திருப்பி வைத்தபோது. இப்போது திறந்தால் 32 பவுனில் காசுமாலையும் இரண்டு ஜோடி வளையலும் இல்லை, சுமார் 11 பவுன். லாக்கரில் ஒரு கீறல்கூட இல்லை. "உள்ளே என்ன இருந்தது என்று எங்களுக்குத் தெரியாது, சாவி உங்களிடம்தானே இருந்தது" என்கிறார் மேனேஜர். வழக்குப் போட்டால் நிற்குமா, எங்கே போடுவது?

நிற்கும். ஆனால் இதை ஒரே வழக்காக நினைத்துக்கொண்டு இறங்கினால் பாதி வழியிலேயே மாட்டிக்கொள்வீர்கள். இதற்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. வங்கி தன் கடமையில் தவறியதா என்பது ஒன்று. லாக்கருக்குள் இந்த நகைகள் இருந்தனவா என்பது இன்னொன்று. முதல் கேள்விக்கான ஆதாரமெல்லாம் வங்கியிடம் இருக்கிறது, அதில் முக்கியமானது நாளாக ஆக அழிந்துகொண்டே போகும். இரண்டாவதற்கான ஆதாரம் உங்கள் வீட்டு பீரோவிலும், ஆல்பத்திலும், பழைய அடகு ரசீதுகளிலும் இருக்கிறது. இந்த இரண்டையும் தனித்தனியாகச் சேர்க்க வேண்டும். இவற்றைத் தீர்மானிக்கும் மன்றங்களும் வேறு வேறு.

இதை இப்படிப் பிரித்தது உச்ச நீதிமன்றம். அமிதாபா தாஸ்குப்தா என்பவர் யுனைடெட் பேங்க் ஆஃப் இந்தியா மீது தொடுத்த வழக்கில் 2021 பிப்ரவரி 19 அன்று தீர்ப்பு வந்தது. வாடகை பாக்கி என்று சொல்லி, வாடிக்கையாளருக்குத் தகவலே தராமல் வங்கி அவருடைய லாக்கரை உடைத்திருந்தது. உள்ளே ஏழு நகைகள் இருந்ததாக அவர் சொன்னார், இரண்டுதான் திரும்ப வந்தது. லாக்கரைக் காப்பதில் வங்கிக்குத் தனிப் பொறுப்பு உண்டு, "உள்ளே என்ன இருந்தது என்று தெரியாது" என்று கையைக் கழுவிவிட முடியாது என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. சேவைக் குறைபாட்டுக்காக 5 லட்சம் ரூபாயும் வழக்குச் செலவாக 1 லட்சமும் தரச் சொன்னது. தவறு செய்த அதிகாரிகள் இன்னும் பணியில் இருந்தால் அந்த 5 லட்சத்தை அவர்கள் சம்பளத்திலிருந்தே பிடிக்கலாம் என்றும் சொன்னது. ஆனால் காணாமல் போன நகைகளின் மதிப்பைப் பற்றி முடிவு சொல்லவில்லை. அதற்குச் சாட்சி விசாரணை வேண்டும், சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று விட்டுவிட்டது. உங்கள் வழக்கும் இந்தத் தடத்தில்தான் போகும்.

அந்தத் தீர்ப்பில் சொன்னபடி ரிசர்வ் வங்கி 2021 ஆகஸ்ட் 18 அன்று புதிய லாக்கர் விதிகளை வெளியிட்டது. 2022 ஜனவரி 1 முதல் அவை நடைமுறையில் உள்ளன. மேனேஜர் சொன்ன பதிலுக்கு எதிராக நீங்கள் பிடித்துக்கொள்ள வேண்டிய கயிறு இந்த விதிகள்தான்.

முதலில் பூட்டைப் பற்றி. லாக்கருக்கு இரண்டு சாவி வேண்டும். கிளையின் மாஸ்டர் சாவியைப் போட்டுத் திருப்பிய பிறகுதான் உங்கள் சாவி வேலை செய்யும். உங்கள் சாவிக்கு மாற்றுச் சாவி வங்கியிடம் இருக்கக் கூடாது. அதனால்தான் சாவியைத் தொலைத்தால் கம்பெனி ஆளை வரவழைத்து, செலவை உங்கள் தலையில் வைத்து, லாக்கரை உடைக்கிறார்கள். அப்படியானால் கீறலே இல்லாமல் நகை எப்படிப் போகும்? நாலு வழிதான் உண்டு.

கூட்டுப் பெயரில் இருப்பவரோ வீட்டிலுள்ள வேறொருவரோ சாவியை எடுத்துப் போய்த் திறந்திருக்கலாம். நீங்கள் கடைசி முறை சரியாகப் பூட்டாமல் வந்திருக்கலாம். இதே லாக்கரை முன்பு வைத்திருந்தவர் நகல் சாவி செய்து வைத்திருக்கலாம். கிளைக்குள்ளேயே யாராவது உங்கள் சாவியின் அச்சை எடுத்திருக்கலாம். ஒவ்வொரு வழிக்கும் விதியில் ஒரு பதிவு சொல்லப்பட்டிருக்கிறது, அந்தப் பதிவைத்தான் நீங்கள் கேட்டு வாங்க வேண்டும்.

லாக்கர் திறந்த நாளும் நேரமும் பதிவாகி, அன்றைய நாள் முடிவதற்குள் உங்கள் பதிவு செய்த கைபேசிக்கும் மின்னஞ்சலுக்கும் தகவல் வர வேண்டும். நீங்கள் வந்து போனபின் லாக்கர் சரியாக மூடியிருக்கிறதா என்று அறைப் பொறுப்பாளர் பார்க்க வேண்டும். மூடியிருக்காவிட்டால் உடனே மூடி, ரிஜிஸ்டரில் தேதி நேரத்தோடு எழுதி, உள்ளே பொருள் சரியாக இருக்கிறதா என்று நீங்கள் வந்து பார்க்கும்படி உங்களுக்குத் தகவல் அனுப்ப வேண்டும். மாலையில் அறையை மூடுவதற்கு முன் ஒருமுறை சுற்றிப் பார்ப்பதும் அவர் வேலைதான். ஒருவர் லாக்கரை ஒப்படைத்தால் அதை அடுத்தவருக்குக் கொடுப்பதற்கு முன் பூட்டை மாற்ற வேண்டும். சாவியில் வங்கி, கிளை அடையாளக் குறி பொறித்திருக்க வேண்டும். ஆகவே "எப்போது பூட்டை மாற்றினீர்கள், அந்தப் பதிவைக் காட்டுங்கள்" என்பது சாதாரணக் கேள்வி மாதிரித் தெரிந்தாலும், பல கிளைகள் பதில் சொல்லத் தடுமாறும் கேள்வி அது.

சாவி அச்சு விஷயத்தில் ஒன்று சொல்ல வேண்டும். நம் பக்கத்தில் வயதான அம்மாக்கள் பலரும் "தம்பி, நீயே போட்டுத் திறந்துடேன்" என்று சாவியைப் பொறுப்பாளர் கையில் கொடுத்துவிடுகிறார்கள். பழகின முகம், நம்பிக்கை. அவர் மேல் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. ஆனால் குறுக்கு விசாரணையில் வங்கி வக்கீலின் முதல் கேள்வி "சாவி உங்கள் கையை விட்டுப் போயிருக்கிறதா" என்பதாகத்தான் இருக்கும். இரண்டு வாய்தாவில் இரண்டு விதமான பதில் வந்தால் வழக்கு அங்கேயே ஆட ஆரம்பித்துவிடும். கொடுத்திருந்தால் கொடுத்ததாகவே முதல் புகாரிலேயே எழுதுங்கள். வங்கி ஊழியரிடம் கொடுத்தது உங்களுக்கு எதிராக மட்டும் வேலை செய்யாது. அச்சு எடுக்க வாய்ப்பு யாருக்கு இருந்தது என்பதையும் அதுவே காட்டும்.

இப்போது உங்கள் வழக்கின் பலவீனமான இடத்துக்கு வருகிறேன். லாக்கர் அறைக்குள் போய் வருகிற வாசலின் சிசிடிவி பதிவைக் குறைந்தது 180 நாள் வைத்திருக்க வேண்டும் என்பது விதி. உங்களுக்கு ஒன்பது மாதம் ஆகிவிட்டது. திருட்டு முதல் மூன்று மாதத்துக்குள் நடந்திருந்தால் அந்தப் பதிவு பெரும்பாலும் போயிருக்கும். அதற்குப் பிறகு நடந்திருந்தால் இன்னும் இருக்கும், ஆனால் ஒவ்வொரு நாளும் ஒரு நாள் பதிவு பின்னால் அழிந்துகொண்டே வரும். லாக்கரை யாரோ திறந்திருக்கிறார்கள், திருட்டு நடந்திருக்கிறது என்று வாடிக்கையாளர் புகார் கொடுத்துவிட்டால், போலீஸ் விசாரணையும் தகராறும் முடியும்வரை பதிவை அழிக்கக் கூடாது என்று அதே விதி சொல்கிறது. அதனால் மற்ற எல்லாவற்றுக்கும் முன்னால், இன்றைக்கே, எழுத்தில் ஒரு கடிதம் கிளைக்குப் போக வேண்டும். வாய்ச்சொல் போதாது. போலீசுக்குப் போனதும் அவர்கள் பார்த்துக்கொள்வார்கள் என்று காத்திருந்தால் ஒரு மாதப் பதிவு அதற்குள் போய்விடும்.

கடிதத்தில் என்ன இருக்க வேண்டும்: லாக்கர் எண், கடைசியாகத் திறந்த தேதி, இன்று திறந்த தேதியும் நேரமும், காணாமல் போன பொருள்களின் பட்டியல். பிறகு தனித்தனியாகக் கேட்க வேண்டியவை: அந்த இரண்டு தேதிகளுக்கு இடையிலான முழு சிசிடிவி பதிவையும் பாதுகாக்க வேண்டும், லாக்கர் ரிஜிஸ்டரில் உங்கள் எண்ணுக்கு உரிய பக்கங்களின் நகல், குறுஞ்செய்தி அனுப்பிய பதிவு, அந்தக் காலத்தில் மாஸ்டர் சாவி யாரிடம் இருந்தது என்ற பொறுப்பு மாற்றப் பதிவு, இந்த லாக்கரை உங்களுக்குக் கொடுப்பதற்கு முன் பூட்டு மாற்றிய பதிவு. இரண்டு நகல் எடுத்துக்கொண்டு போய் ஒன்றில் தேதி, நேரம், கிளை முத்திரையோடு "பெறப்பட்டது" வாங்குங்கள். வாங்க மறுத்தால் அன்றே ஸ்பீட் போஸ்ட்டில் ஒப்புகையோடு அனுப்பி, அதே கடிதத்தை வங்கியின் குறைதீர்க்கும் அதிகாரிக்கு மின்னஞ்சலும் செய்யுங்கள். எந்த நேரத்துக்குப் புகார் கொடுத்தீர்கள் என்பது பின்னால் மணிக்கணக்கில் அலசப்படும்.

திறந்து பார்த்த அன்றைக்கே இதைப் படிப்பவர்களுக்கு: அறையை விட்டு வெளியே வராதீர்கள். கதவையும் பூட்டையும் மேலும் தொடாதீர்கள். மேனேஜரை உள்ளே கூப்பிட்டு, அவர் முன்னால் மீதி இருப்பதை எண்ணி, எடை தெரிந்தால் எடையோடு எழுதி, இருவரும் கையெழுத்திடுங்கள். பூட்டைப் பிரித்துப் பார்க்கும் தடய அறிவியல் நிபுணருக்கு உள்ளே வேற்றுச் சாவி உரசிய தடம், அச்சு எடுத்த மெழுகு அல்லது சோப்பின் மிச்சம் கிடைக்க வாய்ப்புண்டு. நாலு பேர் சாவியைப் போட்டுப் போட்டுச் சோதித்தால் அந்தத் தடம் கலைந்துவிடும். வீட்டுக்குப் போய் எல்லா அலமாரியும் தேடிவிட்டு மறுநாள் வந்து சொன்னால், "நேற்று எல்லாம் சரியாகத்தான் இருந்தது, கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார்" என்று ரிஜிஸ்டர் உங்களுக்கு எதிராகச் சாட்சி சொல்லும்.

ரிஜிஸ்டர் நகல் கைக்கு வந்ததும், போலீசுக்குப் போவதற்கு முன் ஒருமுறை நிதானமாகப் பாருங்கள். உங்கள் லாக்கர் இருவர் பெயரில் இருக்கிறது. இருவரில் ஒருவர் வந்தாலே திறக்கலாம் என்று ஒப்பந்தம் இருந்தால், அம்மாவோ மகளோ தனியாக வந்து திறந்ததற்கு வங்கி பொறுப்பாகாது. லாக்கரில் நகை காணோம் என்று கிளம்பும் தகராறுகளில் ஒரு பகுதி கடைசியில் அண்ணன் தம்பிக்குள்ளோ, மருமகளின் சீர் நகைக்காகவோ வந்து நிற்கிறது. ரிஜிஸ்டரில் குடும்பத்தினர் கையெழுத்து இருந்தால் உங்கள் வழக்கு வங்கி மேல் இல்லை, எதிராளி வேறு ஆள். உங்களுக்குத் தெரியாத தேதியில் உங்கள் கையெழுத்து மாதிரி ஒன்று இருந்தால், அதுதான் இந்த வழக்கின் தங்கச் சுரங்கம். அந்தப் பக்கத்தைக் கைப்பற்றிக் கையெழுத்து நிபுணருக்கு அனுப்ப வேண்டும் என்று புகாரிலேயே கேளுங்கள். அந்தத் தேதிக்குக் குறுஞ்செய்தி வந்ததா, சிசிடிவியில் யார் தெரிகிறார் என்பது அடுத்த படி. ஒன்று கவனியுங்கள்: கேமரா வாசலையும் பொது இடத்தையும்தான் பார்க்கும். யார் வந்தார் என்று சொல்லும், எதை எடுத்தார் என்று சொல்லாது.

இன்னொரு இடர். பதிவு செய்த எண் இறந்துபோன அப்பாவுடையதாகவோ பத்து வருடத்துக்கு முந்தைய சிம்மாகவோ இருந்தால், "நாங்கள் அனுப்பினோம்" என்று வங்கி தப்பித்துக்கொள்ளும். முதலில் அதைச் சரி பாருங்கள்.

போலீஸ் புகார் கிளை இருக்கும் எல்லைக் காவல் நிலையத்தில். தொகை பெரிதென்றால் மாவட்டக் குற்றப்பிரிவுக்கும் போகும். பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் பொருள் காக்கும் கட்டடத்தில் திருட்டு பிரிவு 305, ஊழியர் தன் முதலாளி வசம் உள்ள பொருளைத் திருடுவது 306, வங்கியாளர் செய்யும் நம்பிக்கை மோசடி 316(5). எந்தப் பிரிவு என்று நீங்கள் எழுத வேண்டியதில்லை, நடந்ததை எழுதினால் போதும். பெயர் தெரியாத நபர் என்றே எழுதுங்கள். பொறுப்பாளர் மேல் சந்தேகம் இருந்தால் சந்தேகத்துக்கான காரணத்தோடு எழுதலாம். ஆதாரமில்லாமல் "இவர்தான் எடுத்தார்" என்று எழுதினால் அவதூறு வழக்கு திரும்பி வரும்.

நிலையத்தில் பெரும்பாலும் முதலில் சி.எஸ்.ஆர், அதாவது புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான ரசீதைக் கொடுத்து "விசாரிக்கிறோம்" என்பார்கள். சி.எஸ்.ஆர் வழக்குப் பதிவு ஆகாது. கைது செய்யத்தக்க குற்றம் என்று புகாரில் தெரிந்தால் எஃப்.ஐ.ஆர் போட வேண்டும் என்று லலிதா குமாரி வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. போட மறுத்தால் புகாரின் சாராம்சத்தைத் தபாலில் எஸ்.பி.க்கு அனுப்புங்கள், அது குற்ற நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173(4). அதற்கும் அசையாவிட்டால் பிரமாணப் பத்திரத்தோடு மாஜிஸ்திரேட்டிடம் 175(3)-இன் கீழ் மனு. எஸ்.பி.க்கு அனுப்பிய தபால் ரசீது இல்லாமல் மாஜிஸ்திரேட்டிடம் போனால் மனு அங்கேயே திரும்பிவிடும்.

உள்ளே என்ன இருந்தது என்ற கேள்விதான் கடினமானது. பெரும்பாலான வழக்குகள் இங்கேதான் விழுகின்றன. நிரூபிக்கும் சுமை உங்களுடையது. கிரிமினல் வழக்குப் போல சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டியதில்லை, இருந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் சிவில் கோர்ட்டுக்குப் போதும். ஆனால் இரண்டு தனி விஷயத்தைக் காட்ட வேண்டும். நகை உங்களிடம் இருந்தது என்பது ஒன்று, அது லாக்கருக்குள் போனது என்பது இன்னொன்று.

உடைமைக்கு முதல் ஆதாரம் கடை பில். இங்கே ஒரு பெரிய ஓட்டை. வரி மிச்சம் என்று கடைக்காரர் எழுதிக் கொடுத்த எஸ்டிமேட் சீட்டைப் பில் என்று நினைத்துப் பத்திரமாக வைத்திருப்பார்கள். அதில் கடையின் பதிவு எண்ணும் இருக்காது, வாங்கியவர் பெயரும் இருக்காது. கோர்ட்டில் அதற்குப் பெரிய மரியாதை இல்லை. 2023 ஏப்ரல் 1-க்குப் பிறகு வாங்கிய ஹால்மார்க் நகையாக இருந்தால் ஒவ்வொன்றிலும் ஹெச்.யு.ஐ.டி. என்ற தனி அடையாளக் குறி, எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இலக்கத்தில் இருக்கும், பில்லிலும் தேடுங்கள். அந்தக் குறியை வைத்து நகையின் வகை, தூய்மை, நகைக்கடை ஆகியவற்றைப் பார்க்கலாம். உடைமையாளர் பெயர் அதில் வராது. ஆனால் திருட்டு நகை எங்காவது அடகுக் கடையில் அகப்பட்டால் அது உங்களுடையது என்று காட்ட இதைவிட எளிய வழி இல்லை. குறியைப் போலீசுக்குக் கொடுக்கும் பட்டியலில் கட்டாயம் சேருங்கள்.

காசுமாலை பாட்டி காலத்தது என்றால் பில் இருக்காது, ஹால்மார்க்கும் இருக்காது. அதற்காகக் கை விரிக்க வேண்டாம். நம் ஊர்ப்பக்கத்து நகைகளுக்கு வேறு எங்கும் இல்லாத ஒரு நல்ல ஆவணம் உண்டு: அடகுச் சீட்டு. மேட்டூர் திறந்து குறுவைக்கு நாற்று விடும் நேரத்தில் நகை கூட்டுறவுச் சங்கத்துக்கோ வங்கிக்கோ போய், அறுவடை முடிந்து திரும்பும். ஒவ்வொரு முறையும் நகை மதிப்பீட்டாளர் உருப்படி உருப்படியாக எடை போட்டு, கல் எடை கழித்து, நிகர எடையும் தரமும் எழுதி வைத்திருப்பார். உங்களுக்குச் சாதகமாக எழுத எந்தக் காரணமும் இல்லாத மூன்றாம் நபர் எழுதின ஆவணம் அது. கோர்ட்டில் அதன் மதிப்பு அதிகம். அந்தக் காசுமாலை ஒரு முறையாவது அடகுக்குப் போயிருந்தால் அந்த நகைக்கடன் விண்ணப்பத்தின் நகலைக் கேளுங்கள். 2021-இல் தமிழக அரசு கூட்டுறவு நகைக்கடனில் 5 பவுன் வரை தள்ளுபடி செய்தபோது சங்கங்களில் நகைப் பொட்டலங்களைச் சரிபார்த்துப் பட்டியல் போட்டார்கள், அதில் உங்கள் பெயர் இருந்தால் அந்தப் பதிவும் உதவும்.

பாகப்பிரிவினைப் பத்திரத்தில் நகை விவரம், சீர்வரிசைப் பட்டியல், உயில், பழைய செல்வ வரிக் கணக்கில் காட்டிய நகை மதிப்பீடு, வீட்டு இன்சூரன்ஸ் பாலிசியில் குறிப்பிட்ட நகை எல்லாம் இதே வரிசை. ஆசாரி இன்னும் இருந்தால் அவரும் சாட்சி. கல்யாண ஆல்பத்தில் நகையைப் போட்டுக்கொண்டிருக்கும் படம் இருந்தால், காசுகளை எண்ணும் அளவுக்குப் பெரிதாக அச்சிட்டு வையுங்கள். கைபேசிப் படம், வீடியோ என்றால் புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாட்சிய அதினியத்தின் பிரிவு 63-இன்படி மின்னணு ஆதாரத்துக்கான சான்றிதழ் வேண்டும். மூலப் படம் இருக்கும் கைபேசியை விற்றுவிடாதீர்கள், வாட்ஸ்அப்பில் சுற்றி வந்த நகலில் தேதி விவரம் போய்விடும்.

லாக்கருக்குள் போனது என்பதற்குச் சங்கிலி கட்ட வேண்டும். கல்யாணம் எந்த நாள், அன்றைய படத்தில் எந்தெந்த நகை, அடுத்து வங்கி திறந்த நாளில் ரிஜிஸ்டரில் உங்கள் கையெழுத்து எத்தனை மணிக்கு, கூட யார் வந்தார், நகைப்பெட்டி எது. கல்யாணத்துக்கும் லாக்கர் போனதற்கும் இடையில் எத்தனை நாள் நகை வீட்டில் இருந்தது என்பது முக்கியம். மறுநாளே வைத்திருந்தால் நல்லது. மூன்று வாரம் கழித்து என்றால் வங்கித் தரப்பு அந்த மூன்று வாரத்தில்தான் தொங்கும். கடைசியாக வைத்த தேதிக்குப் பிறகு நடந்த வளைகாப்பிலோ கிரகப்பிரவேசத்திலோ அதே வளையலோடு நீங்கள் இருக்கும் படம் யாருடைய பேஸ்புக்கிலாவது இருந்தால், அதை எதிர்த்தரப்பு கண்டுபிடிக்கும். அதனால் முதலில் நீங்களே தேடுங்கள். அப்படிப் படம் இருந்து, நினைவு தவறிப்போனது என்று தெரிந்தால், பட்டியலிலிருந்து அந்த உருப்படியை எடுத்துவிடுங்கள். ஒரு தவறான உருப்படி மீதி பத்தையும் சந்தேகத்துக்கு உள்ளாக்கும்.

பட்டியலில் செய்கிற தவறுகள் எப்போதும் ஒரே மாதிரிதான். முதல் புகாரில் 11 பவுன், நுகர்வோர் மனுவில் 14, சிவில் வழக்கில் 18 என்று வளரும். "சுமார் 40 பவுன் நகைகள்" என்று மொத்தமாக எழுதுவார்கள். ரொக்கமும் இருந்தது என்று சேர்ப்பார்கள். வங்கிகளின் இப்போதைய லாக்கர் ஒப்பந்தம் நகை, பத்திரம் போன்றவற்றுக்குத்தான் லாக்கர், ரொக்கத்துக்கு அல்ல என்று சொல்கிறது. ரொக்கம் கேட்டால் நீங்களே ஒப்பந்தத்தை மீறியதாக ஆகிவிடும், பணம் எங்கிருந்து வந்தது என்ற கேள்வியும் கூடவே வரும். வேறு சிலர் வருமான வரிக்குப் பயந்து குறைத்து எழுதுவார்கள். திருமணமான பெண்ணுக்கு 500 கிராம், மணமாகாத பெண்ணுக்கு 250, ஆணுக்கு 100 என்ற 1994-ஆம் ஆண்டு சுற்றறிக்கை அளவு வரிச் சோதனையின்போது நகையைக் கைப்பற்றாமல் விடுவதற்கானது. அதற்கு மேல் வைத்திருப்பதே குற்றம் என்று அர்த்தமில்லை. 32 பவுன் என்பது 256 கிராம்தான், இதில் பயப்பட எதுவும் இல்லை.

எவ்வளவு கிடைக்கும்? தீ, திருட்டு, கொள்ளை, கட்டடம் இடிதல், வங்கி ஊழியரின் மோசடி ஆகியவற்றால் பொருள் போனால், லாக்கரின் நடப்பு ஆண்டு வாடகையைப் போல 100 மடங்கு வங்கி தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. வாடகை 2,000 ரூபாய் என்றால் 2 லட்சம். இன்றைய விலையில் இது 11 பவுனுக்குக் கிட்டக்கூட வராது. நீங்கள் லாக்கர் எடுத்த வருடத்து வாடகையை வைத்துக் கணக்குப் போட விடாதீர்கள், நடப்பு வாடகைதான் கணக்கு. வெள்ளம், இடி, நிலநடுக்கம் போன்றவற்றுக்கு இந்தப் பொறுப்பு இல்லை. ஆனால் மழைநீரும் வெள்ளமும் லாக்கர் அறைக்குள் புகாதபடி பாதுகாக்கும் கடமை வங்கிக்கு உண்டு. கொள்ளிடக்கரை ஊர்களில் தரைத்தளக் கிளையில் லாக்கர் வைத்திருப்பவர்கள் இந்த வேறுபாட்டை நினைவில் வைப்பது நல்லது.

திருட்டு நடந்தது வெளிப்படையாகத் தெரிந்தால் 100 மடங்குக்குப் பெரிய வாதம் தேவைப்படாது. 2019 ஜனவரியில் திருச்சி நம்பர் 1 டோல்கேட் பகுதியில் ஒரு வங்கிக் கிளையின் சுவரைத் துளைத்து லாக்கர்களை உடைத்தது போன்ற சம்பவங்களில் திருட்டையே யாரும் மறுக்க முடியாது. உங்கள் வழக்கில் திருட்டு என்பதே தகராறு. ஆகவே மேலே சொன்ன பதிவுகளில் ஓட்டை காட்டித்தான் அங்கே போய்ச் சேர வேண்டும். வங்கி வசம் மட்டுமே இருக்கக்கூடிய தகவலை அது காட்டாமல் இருந்தால், அதற்குப் பாதகமாகவே அனுமானிக்கும்படி கேட்கச் சட்டம் இடம் தருகிறது, சாட்சிய அதினியத்தின் 109, 119 பிரிவுகள் அதற்குத்தான். ஆனால் எழுத்தில் கேட்டு மறுத்தார்கள் என்று காட்டினால்தான் அந்த வாதம் எடுபடும்.

மன்றம் எது என்பதில் என் கருத்து தெளிவானது. உங்கள் நிலைமையில் நுகர்வோர் ஆணையத்தை முதலில் பிடியுங்கள், வங்கியின் குறைபாட்டுக்காக மட்டும். 2019 சட்டப்படி மாவட்ட ஆணையத்தின் எல்லை நீங்கள் செலுத்திய கட்டணத்தை வைத்து, அதாவது வாடகையை வைத்து. நகையின் மதிப்பு அங்கே கணக்கில்லை. கட்டணம் 5 லட்சம் வரை என்றால் மனுக் கட்டணமும் கிடையாது. நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே போடலாம், கும்பகோணத்தார் தஞ்சாவூர் ஆணையத்துக்குப் போக வேண்டும். இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும். குறுஞ்செய்தி வரவில்லை, பூட்டு மாற்றிய பதிவு இல்லை, புகாருக்குப் பிறகும் சிசிடிவி அழிந்தது, ஒப்பந்த நகல் தரவில்லை என்று ஒவ்வொரு மீறலையும் தனித்தனிப் பத்தியாக எழுதி, 100 மடங்குத் தொகை, மன உளைச்சலுக்கு இழப்பீடு, செலவு என்று கேளுங்கள். நகையின் முழு மதிப்பையும் அங்கே கேட்டால், "விரிவான சாட்சியம் தேவை, சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்" என்று மொத்த மனுவையும் தள்ளிவிடும் ஆபத்து இருக்கிறது.

நகை மதிப்புக்கு சிவில் வழக்கு மூன்று வருடத்துக்குள். தமிழகத்தில் கேட்கும் தொகையில் 3 சதவீதம் நீதிமன்றக் கட்டணம், 10 லட்சத்துக்கு 30,000 ரூபாய். மெதுவாகத்தான் போகும், சாட்சிகள் கூண்டேற வேண்டும். அடகுச் சீட்டும் படமும் ரிஜிஸ்டரும் ஒன்றோடொன்று பொருந்தினால் மட்டும் போடுங்கள். வெறும் வாய்ச்சாட்சியை நம்பி 3 சதவீதத்தைக் கட்ட வேண்டாம் என்பேன். வங்கிக்கு எழுதி 30 நாள் கழித்து ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம், செலவில்லை. குறுஞ்செய்தி, ஆவண நகல் மாதிரி விஷயங்களுக்கு நல்ல வழி. ஆனால் யார் திருடினார் என்று விசாரிக்கும் இடம் அது இல்லை. கோர்ட்டில் வழக்கு நிலுவையில் இருந்தால் அதே விஷயத்தை அங்கே எடுக்க மாட்டார்கள், ஆகவே போவதானால் முதலில் போங்கள். அரசு வங்கி என்றால் உங்கள் லாக்கர் சம்பந்தமான பதிவுகளைத் தகவல் உரிமைச் சட்டத்திலும் கேட்கலாம். தனியார் வங்கிக்கு அது செல்லாது.

கும்பகோணத்திலும் தஞ்சாவூரிலும் லாக்கர் வைத்திருப்பவர்களுக்கு இன்னொன்று. உங்கள் லாக்கர் நிதி நிறுவனத்திலோ தொடக்கக் கூட்டுறவுக் கடன் சங்கத்திலோ இருந்தால் மேலே சொன்ன ரிசர்வ் வங்கி விதிகள் அங்கே பொருந்தாது. 180 நாளும் கிடையாது, 100 மடங்கும் கிடையாது. நீங்கள் கையெழுத்திட்ட ஒப்பந்தமும் நுகர்வோர் சட்டமும்தான் துணை. மாவட்ட மத்திய கூட்டுறவு வங்கி, நகரக் கூட்டுறவு வங்கி என்றால் பொருந்தும். பெயரில் வங்கி என்று இருக்கிறதா என்று பலகையைப் பார்க்காமல், ரிசர்வ் வங்கி உரிமம் இருக்கிறதா என்று பாருங்கள்.

வங்கி சமரசத்துக்கு வந்தால், பெரும்பாலும் 100 மடங்குத் தொகையைக் காட்டி ஒரு கடிதத்தில் கையெழுத்துக் கேட்கும். அதில் "முழுமையான, இறுதியான தீர்வாகப் பெற்றுக்கொண்டேன்" என்ற வரி இருந்தால் சிவில் வழக்கின் கதவு அதோடு சாத்தப்படும். "எனது மற்ற உரிமைகளுக்குப் பாதகமின்றி, விதிப்படியான தொகையாக மட்டும் பெற்றுக்கொள்கிறேன்" என்று உங்கள் கையால் எழுதி, அதன் கீழ் கையெழுத்திடுங்கள். அதற்கு ஒப்பவில்லை என்றால் கையெழுத்திடாமல் எழுந்து வந்து அந்த வாரமே ஆணையத்தில் மனு போடுங்கள். போலீஸ் நகையைப் பிற்பாடு மீட்டால் அதைத் திரும்பப் பெறும் உரிமை யாருக்கு, வாங்கிய தொகையை என்ன செய்வது என்பதையும் அந்தக் கடிதத்திலேயே ஒரு வரியில் எழுதி வாங்கிவிடுங்கள்.